ஓடியவர் ராபர்டோ கார்லோஸ், காத்தவர் யார்?

தாக்கி ஆடும் தடுப்பாட்டக்காரர் என்றதும் நினைவுக்கு வருகிற முதல் பெயர் அவருடையது. அவரைப் புகழவும் பழிக்கவும் நாம் சொல்லும் காரணங்கள் சரிதானா?

2006 ஜூலை 1, ஃபிராங்க்ஃபர்ட். உலகக் கோப்பைக் காலிறுதி. பிரேசில், பிரான்ஸ் இரண்டுமே இன்னும் கோல் அடிக்கவில்லை. 57ஆவது நிமிடத்தில் இடப்பக்கம் பிரான்சுக்கு ஒரு ஃப்ரீ கிக். பந்தை வைத்துவிட்டுப் பின்னால் நகர்கிறார் ஜிடேன். பெனால்ட்டி பாக்ஸ் விளிம்பில் இரு அணியினரும் தோளோடு தோள் உரச நிற்கிறார்கள். பிரேசிலின் 6ஆம் எண் சட்டைக்காரர் மட்டும் குனிந்து நிற்கிறார். கைகள் முழங்காலருகே. பந்து எழும்புகிறது, கூட்டம் கோலை நோக்கிப் பாய்கிறது, அவர் நிமிர்வதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது. தூரக் கம்பத்தருகே தன்னந்தனியாக வந்து சேர்ந்த தியரி ஹென்றி, விழும் பந்தை அப்படியே வலைக்குள் தட்டுகிறார். 1-0. நடப்பு சாம்பியன் அணிக்கு அன்றிரவு மூட்டை கட்டும் வேலை.

குனிந்து நின்றவர் ராபர்டோ கார்லோஸ். காலுறையைச் சரிசெய்துகொண்டிருந்தார், கோலைக் கோட்டைவிட்டார் என்று உலகப் பத்திரிகைகள் எழுதின. பிரேசில் ரசிகர்கள் மன்னிக்கவில்லை. 125 ஆட்டங்கள் ஆடிய தேசிய அணியிலிருந்து அவர் அந்தத் தோல்வியோடு விடைபெற்றார். தீர்ப்பு அன்றே எழுதப்பட்டுவிட்டது: தாக்கி ஆடத் தெரிந்தவர், தடுத்து ஆடத் தெரியாதவர். இருபது ஆண்டுகளாக அந்தத் தீர்ப்பு அப்படியே நிற்கிறது. இன்று அஷ்ரஃப் ஹக்கிமி, டிரென்ட் அலெக்சாண்டர்-ஆர்னால்டு போன்றவர்களைப் பற்றி விவாதம் எழும்போதெல்லாம் அதே வாசகம் பெயரை மட்டும் மாற்றிக்கொண்டு திரும்பி வருகிறது.

இந்தக் கட்டுரை அந்தத் தீர்ப்பை மறுக்கிறது. அவர் பிழையே செய்யாதவர் என்பதால் அல்ல, நிறையவே செய்தார். ஆனால் அவர் முன்னேறி ஓடியதற்கும் அவருடைய பெயர்பெற்ற பிழைகளுக்கும் தொடர்பு இல்லை. அவர் ஓடியதற்கு ஒரு விலை இருந்தது உண்மைதான். அந்த விலையைப் பல ஆண்டுகள் வேறு சிலர் சத்தமில்லாமல் கட்டிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் இருந்த காலத்தில் கோப்பைகள் வந்தன; இல்லாதபோது வரவில்லை.

பெட்டிச் செய்தி: ஆட்டக்காரர் குறிப்பு
பிறப்பு: 1973 ஏப்ரல் 10, பிரேசிலின் சாவ் பாவ்லோ மாநிலத்தில் உள்ள கார்சா.
உயரம்: 168 செ.மீ.
முக்கிய கிளப்புகள்: உனியாவ் சாவ் ஜோவாவ், பல்மெய்ராஸ், இன்டர் மிலான், ரியல் மாட்ரிட் (1996-2007), ஃபெனர்பாச்சே, கொரிந்தியன்ஸ், அன்ஜி, டெல்லி டைனமோஸ்.
ரியல் மாட்ரிட்டில்: 527 ஆட்டங்கள், 4 ஸ்பெயின் லீக் பட்டங்கள், 3 சாம்பியன்ஸ் லீக் கோப்பைகள் (1998, 2000, 2002).
பிரேசிலுக்கு: 125 ஆட்டங்கள், 11 கோல்கள், 2002 உலகக் கோப்பை, 1997 மற்றும் 1999 கோபா அமெரிக்கா.

மூன்று பிழைகள், ஒரு பொய்க் காரணம்

ராபர்டோ கார்லோஸ் மீது குற்றம் சாட்டுகிறவர்கள் மூன்று காட்சிகளை முன்வைப்பார்கள். முதலாவது, 1998 உலகக் கோப்பைக் காலிறுதி. டென்மார்க்குக்கு எதிராகப் பிரேசில் 2-1 என முன்னிலையில் இருக்கும்போது, சொந்த பெனால்ட்டி பாக்ஸுக்குள் வந்த பந்தைத் தலைகீழாகப் பாய்ந்து உதைத்து வெளியேற்றப் பார்த்தார். கால் பந்தில் படவில்லை. பிரையன் லாட்ரப் அதை எடுத்து கோல் அடித்தார். பிரேசில் எப்படியோ 3-2 என வென்று தப்பியது. இரண்டாவது, ஃபிராங்க்ஃபர்ட். மூன்றாவது, 2007 மார்ச் 7, மியூனிக். பேயர்னுக்கு எதிரான சாம்பியன்ஸ் லீக் ஆட்டத்தில் தொடக்கப் பந்தே ரியல் மாட்ரிட்டினுடையது. பின்னால் தட்டப்பட்ட அந்தப் பந்தை அவரால் அடக்க முடியவில்லை. சாலிஹமிட்சிச் பறித்துக்கொண்டு கொடுக்க, ராய் மக்காய் வலைக்குள் அடித்தார். கடிகாரம் காட்டியது 10.12 வினாடி. சாம்பியன்ஸ் லீக் வரலாற்றின் அதிவேக கோல் இதுதான். ரியல் மாட்ரிட் தொடரைவிட்டு வெளியேறியது. சீசன் முடிவில் கிளப்பைவிட்டு விலகுவதாக அடுத்த சில நாட்களில் அவரே அறிவித்தார்.

மூன்றையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். எதிலாவது அவர் முன்னேறிப் போய்விட்டுத் திரும்பி வர முடியாமல் தவித்தாரா? டென்மார்க் ஆட்டத்தில் அவர் நின்றது சொந்த பெனால்ட்டி பாக்ஸுக்குள். ஃபிராங்க்ஃபர்ட்டில் ஆட்டமே நின்றிருந்தது. ஃப்ரீ கிக்குக்காக எல்லோரும் அவரவர் இடத்தில்தான் இருந்தார்கள். மியூனிக்கில் ஓடுவதற்கே நேரமில்லை, விசில் ஊதி பத்து வினாடிதான் ஆகியிருந்தது. ஒரு லெஃப்ட் பேக் எங்கே நிற்க வேண்டுமோ அங்கேதான் மூன்று முறையும் நின்றார். தவறியது கவனம். முதல் சம்பவத்தில் எளிமையாகச் செய்ய வேண்டியதை வித்தையாகச் செய்யப் பார்த்த மிடுக்கு. மற்ற இரண்டிலும் ஒரு கணம் மனம் எங்கோ போய்விட்டது. இதைப் பிழை என்று சொல்லலாம், சொல்ல வேண்டும். ஆனால் தாக்கி ஆடும் பாணியின் தலையில் இதைக் கட்டுவது நியாயமில்லை. முன்னேறவே முன்னேறாத தடுப்பாட்டக்காரருக்கும் இந்த மூன்றும் நேரலாம்.

ஃபிராங்க்ஃபர்ட் தோல்வியில் இன்னொரு கணக்கும் இருக்கிறது. அந்த உலகக் கோப்பையில் பிரேசில் ஐந்து ஆட்டங்களில் வாங்கிய கோல்கள் மொத்தம் இரண்டே இரண்டு. ஒன்று ஜப்பான் அடித்தது, மற்றொன்று ஹென்றி அடித்தது. ஐந்து ஆட்டங்களில் இரண்டு கோல் மட்டுமே விட்ட பின்களத்தைப் பார்த்து ஓட்டை என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அன்று பிரேசில் தோற்றதற்கு முதல் காரணம், பிரான்சுக்கு எதிராக ஒரு கோல்கூட அடிக்க முடியாமல் போனது. ரொனால்டோ, ரொனால்டினோ, ககா மூவரும் இருந்த அணி அது. குனிந்து நின்ற ஒருவரின் படம் கிடைத்ததும் அந்தக் கேள்வி வசதியாக மறந்துபோயிற்று.

புகழின் கதையும் இதேதான்

பழி தவறான காட்சிகளின் மேல் கட்டப்பட்டது போலவே புகழும் கட்டப்பட்டது. ராபர்டோ கார்லோஸ் என்றால் உலகம் 1997 ஜூன் 3ஆம் தேதியைத்தான் நினைக்கிறது. லியோனில் பிரான்சுக்கு எதிரான ஆட்டம், ஏறக்குறைய 35 மீட்டர் தூரத்தில் ஃப்ரீ கிக். நீண்ட ஓட்டம் எடுத்து இடது காலின் வெளிப்பக்கத்தால் அடித்தார். பந்து வீரர்களின் சுவரைத் தாண்டி வலப்பக்கம் வெகுதூரம் விலகிப் போனது. கோலுக்கு அப்பால் நின்ற பந்து பொறுக்கும் சிறுவன் தலையைத் தாழ்த்திக்கொண்டான். பிறகு அது திரும்பியது. கம்பத்தின் உட்புறம் உரசி உள்ளே போனது. கோல்கீப்பர் பார்த்தெஸ் நின்ற இடத்தைவிட்டு அசையவே இல்லை.

பெட்டிச் செய்தி: பந்து ஏன் அப்படித் திரும்பியது?
அந்தக் கோல் அதிர்ஷ்டமா, அறிவியலா என்ற கேள்விக்கு 2010ல் பிரான்ஸ் இயற்பியலாளர்கள் நால்வர் ‘நியூ ஜர்னல் ஆஃப் ஃபிசிக்ஸ்’ இதழில் விடை எழுதினார்கள். சுழன்றபடி போகும் பந்து வேகம் குறையக் குறைய இன்னும் அதிகமாக வளையும். பாதை வட்டமாக இராமல் சுருள் வடிவம் எடுக்கும். சாதாரண தூரத்து ஃப்ரீ கிக்கில் இந்தச் சுருள் தெரிவதற்குள் பந்து கோலை அடைந்துவிடும். தூரம் அதிகமாகவும் அடி மிக வலுவாகவும் இருந்ததால்தான் லியோனில் அந்தக் கடைசி வளைவு கண்ணுக்குத் தெரிந்தது.

அழகான கோல், சந்தேகமே இல்லை. ஆனால் அது ஒரு வாழ்க்கையின் சாரம் ஆகுமா? பிரேசிலுக்காக 125 ஆட்டங்களில் அவர் அடித்தது 11 கோல்கள்தான், அதாவது பதினோரு ஆட்டங்களுக்கு ஒன்று. அந்த ஒரு ஃப்ரீ கிக்கை நம்பி ரியல் மாட்ரிட் போன்ற கிளப் 11 சீசன்களில் 527 முறை ஒருவரைக் களமிறக்காது. சராசரியாக சீசனுக்கு 48 ஆட்டங்கள் வருகின்றன. தேசிய அணிக்காக அட்லான்டிக் கடலைத் தாண்டிப் போய் வந்ததை இதில் சேர்க்கவில்லை. அவருடைய மதிப்பு கோலில் இல்லை. ஒரு மைதானத்தின் இடது ஓரம் முழுவதையும், இந்தக் கொடிக்கம்பத்திலிருந்து அந்தக் கொடிக்கம்பம் வரை, ஒரே ஆள் பார்த்துக்கொண்டதில் இருந்தது. இன்னொருவருக்கான சம்பளமும் இடமும் அணிக்கு மிச்சம். அந்த மிச்சத்தில் நடுவில் ஒரு படைப்பாளியைக் கூடுதலாக நிறுத்தலாம்.

இதைப் புரிந்துகொள்ள பிரேசிலின் ஆட்டமுறையைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். ஓரத்து வீரர்கள் மேலேறுவது அங்கே பழைய மரபு. 1958 உலகக் கோப்பையின் முதல் ஆட்டத்தில் ஆஸ்திரியாவுக்கு எதிராக லெஃப்ட் பேக் நில்டன் சான்டோஸ் முன்னேறிப் போய் கோல் அடித்தார். 1970 இறுதி ஆட்டத்தில் இத்தாலிக்கு எதிரான நான்காவது கோலை அடித்தவர் ரைட் பேக் கார்லோஸ் ஆல்பெர்ட்டோ. பின்னாளில் பிரேசில் அணிகள் விங்கர்களையே கைவிட்டன. நடுவில் நால்வர் நெருங்கி ஆடுவார்கள், அகலம் வேண்டுமென்றால் ஓரத்துத் தடுப்பாட்டக்காரர்கள்தான் கொண்டுவர வேண்டும். அதற்கு ஈடாக நடுக்களத்தில் இருவர் மேலே போகாமல் காவல் காப்பார்கள். 1994ல் கோப்பை வென்ற அணியில் துங்காவும் மௌரோ சில்வாவும் செய்த வேலை அதுதான். (ஐரோப்பாவிலும் இது இல்லாமல் இல்லை, இன்டர் மிலானின் ஜியாசின்டோ ஃபக்கெட்டி 1965-66 சீசனில் லெஃப்ட் பேக்காக ஆடியே இத்தாலி லீக்கில் 10 கோல்கள் அடித்தவர்.) முன்னேறிப் போகிறவரும் பின்னால் நிற்கிறவரும் சேர்ந்ததுதான் இந்த ஏற்பாடு.

மிலானில் நடந்த விபரீதம்

இந்த ஏற்பாட்டைப் புரிந்துகொள்ளாத இடத்தில் என்ன ஆகும் என்பதற்கும் அவருடைய வாழ்க்கையே சான்று. பல்மெய்ராஸ் அணியோடு 1993லும் 1994லும் பிரேசில் லீக் பட்டம் வென்றுவிட்டு 1995ல் இன்டர் மிலானுக்குப் போனார். அங்கே பயிற்சியாளராக வந்த ராய் ஹாட்ஜ்சன் அவரைப் பின்களத்தில் நிறுத்தத் தயங்கினார். முன்னே தள்ளி விங்கர்போல ஆடவைத்தார். இவ்வளவு தாக்குகிறவரை எதற்குத் தடுப்பில் வைக்க வேண்டும் என்று யோசித்திருக்கக்கூடும். மேலோட்டமாகப் பார்த்தால் நியாயமாகவே தோன்றும். அப்படி ஆடினால் தேசிய அணியில் தன் இடம் போய்விடும் என்று அஞ்சியதாக ராபர்டோ கார்லோஸ் பின்னாளில் சொன்னார். லீக்கில் 5 கோல்கள் அடித்தார், அணி 7ஆம் இடம் பிடித்தது, ஒரே சீசனோடு உறவு முடிந்தது.

முன்னே நிறுத்தியதும் ஏன் அவர் சாதாரணமாகிப் போனார்? விங்கர் ஏற்கெனவே அங்கே நிற்கிறார். அவரைப் பார்த்துக்கொள்ள எதிரணியில் ஒருவர் தயாராக இருக்கிறார். பின்னாலிருந்து வருகிறவர் விஷயம் வேறு. அவர் 40, 50 மீட்டர் ஓடி முழு வேகத்தில் வந்து சேர்கிறார். அவரைத் தொடர்ந்து ஓடுவதா, இருந்த இடத்தில் நிற்பதா என்று எதிரணியின் வலது விங்கர் ஒவ்வொரு முறையும் முடிவெடுக்க வேண்டும். தொடர்ந்து ஓடினால் அவருடைய தாக்குதல் போயிற்று. நின்றுவிட்டால் அவருடைய அணியின் ரைட் பேக் இருவருக்கு நடுவே மாட்டிக்கொள்வார். எதிரணியின் ஆபத்தான விங்கரைத் தன் பெனால்ட்டி பாக்ஸில் நின்று தடுப்பதற்குப் பதில், அவரை அவருடைய பெனால்ட்டி பாக்ஸுக்கே திருப்பி அனுப்புவது ஒரு வகைத் தடுப்பாட்டம்தான். ராபர்டோ கார்லோஸின் தடுப்பாட்டம் பெரும்பாலும் இப்படிப்பட்டது. டேக்கிள் கணக்கில் இது ஏறாது.

1996ல் ரியல் மாட்ரிட் பொறுப்பேற்ற ஃபேபியோ கபெல்லோ இதைப் பார்த்துப் புரிந்துகொண்டவர். கபெல்லோ தாக்குதல் மோகம் கொண்டவர் அல்ல. இத்தாலியப் பள்ளியில் பயின்ற, தடுப்பாட்டத்தில் கறாரான பயிற்சியாளர். அப்படிப்பட்டவர்தான் இவரை மாட்ரிட்டுக்கு அழைத்துவந்து, மீண்டும் லெஃப்ட் பேக்காக நிறுத்தி, முதல் சீசனிலேயே லீக் பட்டம் வென்றார். இவருக்குத் தடுக்கத் தெரியாது என்று கபெல்லோ நினைத்திருந்தால் அது நடந்திருக்குமா?

பின்னால் நின்றவர்களின் பட்டியல்

இப்போது விலைக்கு வருவோம். லெஃப்ட் பேக் மேலே போனால் அவருக்குப் பின்னால் இடைவெளி விழும். அதை யாராவது நிரப்பித்தான் ஆக வேண்டும். ரியல் மாட்ரிட் 1998லும் 2000லும் சாம்பியன்ஸ் லீக் வென்றபோது நடுக்களத்தில் நங்கூரமாக இருந்தவர் அர்ஜென்டினாவின் ஃபெர்னாண்டோ ரெடோன்டோ. 2000 இறுதியில் பயிற்சியாளர் டெல் போஸ்கே இன்னும் ஒரு படி மேலே போய், கம்போ, எல்கேரா, கரன்கா என மூவரை மையப் பின்களத்தில் நிறுத்தினார். ராபர்டோ கார்லோஸும் சல்காடோவும் இரு ஓரங்களில் விருப்பம்போல ஏறினார்கள். ரெடோன்டோ அந்தக் கோடையில் ஏசி மிலானுக்குப் போனதும், செல்ட்டா விகோவிலிருந்து வந்து சேர்ந்தவர் கிளாட் மகெலெலே.

மகெலெலே இருந்த மூன்று சீசன்களில் இரண்டு லீக் பட்டங்கள், ஒரு சாம்பியன்ஸ் லீக். 2001ல் வந்த ஜிடேன் பெயருக்குத்தான் இடது நடுக்கள வீரர். பந்து கிடைத்ததும் மையத்துக்கு நகர்ந்துவிடுவார். ஓரம் முழுக்க ராபர்டோ கார்லோஸின் கையில் இருந்தது. 2002 மே 15, கிளாஸ்கோவில் லெவர்குசனுக்கு எதிரான இறுதி ஆட்டம் இதன் உச்சம். முதல் பாதி முடியும் தறுவாயில் சொலாரி தூக்கிப் போட்ட பந்தை எதிராளியோடு மல்லுக்கட்டியபடி ராபர்டோ கார்லோஸ் மேலே கொக்கிபோட்டு எழுப்பினார். வானத்திலிருந்து விழுந்த அந்தப் பந்தை ஜிடேன் இடது காலால் நேராக வலைக்குள் அடித்தார். உலகம் ஜிடேனின் காலைப் பார்த்தது. பந்தைத் தூக்கிக் கொடுத்த விதம் அப்படியொன்றும் நேர்த்தியானதல்ல, அவசரத்தில் செய்தது. கவனிக்க வேண்டியது வேறொன்று: ஐரோப்பிய இறுதி ஆட்டத்தில், 1-1 என இருக்கும் இக்கட்டான வேளையில், ஒரு லெஃப்ட் பேக் எதிரணியின் பெனால்ட்டி பாக்ஸ் பக்கம் என்ன செய்துகொண்டிருந்தார்? அங்கே போக அவருக்குத் துணிவு இருந்தது என்பது பாதி விடை. பின்னால் மகெலெலே நிற்கிறார் என்ற நம்பிக்கை மீதிப் பாதி.

ஆறே வாரத்தில் பிரேசில் அணியிலும் இதே கணக்கு. லூயிஸ் ஃபெலிபே ஸ்கொலாரி 2002 உலகக் கோப்பையில் லூசியோ, எட்மில்சன், ரோக் ஜூனியர் என மூன்று மையத் தடுப்பாட்டக்காரர்களை வைத்தார். அவர்களுக்கு முன்னே கில்பெர்ட்டோ சில்வா. ஓரங்களில் காஃபுவும் ராபர்டோ கார்லோஸும். மூன்று பேரைப் பின்னால் வைப்பது பிரேசில் மரபா என்று உள்ளூரில் முணுமுணுப்பு எழுந்தது. அணி ஏழு ஆட்டங்களையும் வென்றது. 18 கோல் அடித்து 4 மட்டுமே விட்டது. அந்த ஆண்டு பாலன் டி’ஓர் விருதுக்கான வாக்களிப்பில் ரொனால்டோவுக்கு அடுத்து இரண்டாம் இடம் ஒரு லெஃப்ட் பேக்குக்குக் கிடைத்தது.

பெட்டிச் செய்தி: ஓரத்துக்கு மட்டும் இல்லை
பாலன் டி’ஓர் வென்ற தடுப்பாட்டக்காரர்கள் மூவரே: ஃபிரான்ஸ் பெக்கன்பாவர் (1972, 1976), மத்தியாஸ் சாமர் (1996), ஃபேபியோ கன்னவாரோ (2006). மூவரும் மையத்தில் ஆடியவர்கள். லெஃப்ட் பேக்கோ ரைட் பேக்கோ இதுவரை ஒருமுறையும் வென்றதில்லை. 1965ல் ஃபக்கெட்டியும் 2002ல் ராபர்டோ கார்லோஸும் இரண்டாம் இடம் வரை வந்தார்கள்.

2003 கோடைக்காலம்

பிறகு ரியல் மாட்ரிட் ஒரு காரியம் செய்தது. மகெலெலே சம்பள உயர்வு கேட்டார், கிளப் மறுத்தது, அவரை செல்சிக்கு விற்றது. தலைவர் ஃபுளோரென்டினோ பெரஸ், மகெலெலேவின் பாஸ்களில் பெரும்பாலானவை பின்னாலும் பக்கவாட்டிலும்தான் போகின்றன, அவர் இல்லாதது ஒரு குறையாக இருக்காது என்ற பொருளில் பேசினார். அதே கோடையில் டேவிட் பெக்கம் வந்தார். சட்டை விற்பனை அமோகம். ஆட்டக் கணக்கு வேறு மாதிரி இருந்தது. 2002-03ல் லீக்கில் 42 கோல் விட்டு சாம்பியன் ஆன அணி, 2003-04ல் 54 கோல் விட்டது. கடைசி ஐந்து லீக் ஆட்டங்களையும் வரிசையாகத் தோற்று நான்காம் இடத்துக்குச் சரிந்தது. கோபா டெல் ரே இறுதியில் சரகோசாவிடம் தோல்வி. சாம்பியன்ஸ் லீக் காலிறுதியில் மொனாக்கோவிடம் தோல்வி. அடுத்து வந்த இரண்டு சீசன்களிலும் லீக்கோ சாம்பியன்ஸ் லீக்கோ கிடைக்கவில்லை. மகெலெலே போன செல்சியோ 2004-05ல் 38 லீக் ஆட்டங்களில் 15 கோல் மட்டுமே விட்டு இங்கிலாந்து சாம்பியன் ஆனது.

இங்கே ஒரு நியாயமான எதிர்வாதம் உண்டு. 2003ல் மாறியது மகெலெலே மட்டும் அல்ல. டெல் போஸ்கே நீக்கப்பட்டார், பின்களத் தூணாக இருந்த ஃபெர்னாண்டோ இயேரோ போனார், மாற்று வீரர்களின் எண்ணிக்கை மெலிந்தது. ராபர்டோ கார்லோஸுக்கும் வயது 30 ஆகியிருந்தது. செல்சியில் பெட்டர் செக்கும் ஜான் டெர்ரியும் இருந்தார்கள். எல்லாம் உண்மை. ஒரே ஒருவரைக் காரணமாக்குவது சுலபமான கதை. கால்பந்து அப்படி இயங்குவதில்லை. ஆனால் வயது வாதத்தை மட்டும் ஏற்க முடியாது. ஒருவர் மே மாதம் இளைஞராக இருந்து ஆகஸ்டில் கிழவர் ஆகிவிடுவதில்லை. அவர் ஓடிய ஓட்டம் பழைய ஓட்டம்தான். அவர் விட்டுச்சென்ற இடத்துக்கு ஆள் வரவில்லை.

இதற்கு இன்னொரு சோதனையும் கிடைக்கிறது. 2006ல் கபெல்லோ மீண்டும் ரியல் மாட்ரிட்டுக்கு வந்தார். வந்ததும் எமர்சன், மஹமதோ தியாரா என இரண்டு காவல்காரர்களை நடுக்களத்தில் நிறுத்தினார். ஆட்டம் சலிப்பூட்டுகிறது என்று சொந்த ரசிகர்களே கூச்சலிட்டார்கள். லீக்கில் அணி விட்டது 40 கோல்கள். மியூனிக் அவமானம் நடந்ததும் இதே சீசனில்தான். ஆனால் மே மாதம் உவெல்வா நகரில் 2-2 என இருந்த ஆட்டத்தின் கூடுதல் நேரத்தில் வெற்றிக் கோலை அடித்தவர் 34 வயது ராபர்டோ கார்லோஸ். பார்சிலோனாவோடு 76 புள்ளிகளில் சமநிலை. நேருக்கு நேர் மோதிய ஆட்டங்களின் கணக்கில் ரியல் மாட்ரிட் சாம்பியன். உவெல்வாவில் இரண்டு புள்ளிகள் போயிருந்தால் அந்தப் பட்டம் இல்லை.

இன்னொரு எதிர்வாதம் எதிர்த்திசையிலிருந்து வரும். பின்னால் காவல் இருந்தால் யார் வேண்டுமானாலும் இப்படி ஆடலாமே, இதில் இவருடைய பெருமை என்ன? பதில் எளிது. அதே காவலோடு ரியல் மாட்ரிட்டின் வலது ஓரத்திலும் ஒருவர் ஆடினார். சல்காடோ நல்ல வீரர். ஆனால் அவருக்கு முன்னால் ஃபிகோ என்ற உலகத்தர விங்கர் தேவைப்பட்டார். இடது ஓரத்தில் அப்படி ஒருவரை வைக்க வேண்டிய அவசியமே இல்லாமல் 11 ஆண்டுகள் ஓடின. இந்த ஆட்டத்துக்குக் காவல் கட்டாயம் தேவை. ஆனால் காவல் மட்டும் போதாது. 90 நிமிடமும் மேலும் கீழும் ஓடி, ஓடிய களைப்போடு துல்லியமாகப் பந்தைக் கொடுத்து, பந்து பறிபோனால் எல்லோருக்கும் முன்னால் திரும்பி வந்து சேரும் உடல் வேண்டும். உயரம் 168 செ.மீ. என்பதால் தூரக் கம்பத்துக்கு வரும் உயரமான பந்துகளில் அவர் கடைசிவரை பலவீனமாகவே இருந்தார். பாவ்லோ மால்டினிபோல முழுமையான தடுப்பாட்டக்காரர் அல்ல. அந்த ஒப்பீட்டில் மால்டினியே மேல் என்பதில் தயக்கம் வேண்டாம்.

இன்றைய கிளப்புகள் கற்றது என்ன?

ரியல் மாட்ரிட்டின் இடது ஓரத்தில் அவருடைய வாரிசு 2007 ஜனவரியிலேயே வந்துவிட்டார்: ஃபுளுமினென்சேயிலிருந்து வந்த 18 வயது மார்செலோ. ஐந்து சாம்பியன்ஸ் லீக் வென்ற அவர்மீதும் அதே குற்றச்சாட்டு. அவருக்குப் பின்னாலும் ஒருவர், கசெமிரோ. மகெலெலேவை விற்றபோது பட்ட பாட்டை அந்தக் கிளப் மறக்கவில்லை என்று நினைக்கலாம். கசெமிரோவை வைத்துக்கொண்டு 2016 முதல் 2018 வரை தொடர்ந்து மூன்று முறை ஐரோப்பியக் கோப்பையை வென்றார்கள்.

லிவர்பூலில் டிரென்ட் அலெக்சாண்டர்-ஆர்னால்டின் கதையும் இதே தடத்தில் போகிறது. 2018-19ல் 12, அடுத்த சீசனில் 13 என ரைட் பேக் நிலையிலிருந்து கோல் உதவிகளைக் குவித்தபோது அவரைப் புதுமை என்று கொண்டாடினார்கள். அப்போது அவருக்குப் பக்கத்தில் ஃபபின்யோவும் ஹென்டர்சனும் ஓடிக்கொண்டிருந்தார்கள். 2022-23ல் அந்த நடுக்களம் தளர்ந்தது, அணி ஐந்தாம் இடத்துக்கு இறங்கியது, உடனே அவருக்குத் தடுக்கத் தெரியாது என்ற பேச்சு எழுந்தது. 2025ல் அவர் ரியல் மாட்ரிட்டுக்குப் போனபோதும் அந்தப் பேச்சு கூடவே போனது. ஆள் அதே ஆள்.

பயிற்சியாளர்கள் இதற்கு இரண்டு வழி கண்டுபிடித்திருக்கிறார்கள். பெப் குவார்டியோலா பேயர்னில் லாமையும் அலாபாவையும் ஓரத்திலிருந்து நடுக்களத்துக்குள் இழுத்தார். பந்து பறிபோகும் நேரத்தில் தடுப்பாட்டக்காரர் மையத்திலேயே இருப்பார், எதிரணியின் பதிலடி வழி அடைபடும். கணக்கு சரி, பல கிளப்புகள் பின்பற்றுகின்றன. ஆனால் முழு வேகத்தில் ஓரமாகப் பாய்ந்து வரும் அந்த அச்சுறுத்தல் இதில் குறைந்துவிடுகிறது, ஆட்டமும் கொஞ்சம் அலுவலக வேலைபோல ஆகிவிடுகிறது. இன்னொரு வழி பழைய பிரேசில் வழி: ஓடுகிறவரை ஓடவிட்டு, நடுக்களம் முழுவதையும் காவலுக்குப் பழக்குவது. 2025 சாம்பியன்ஸ் லீக் இறுதியில் பிஎஸ்ஜி, இன்டர் மிலானை 5-0 என நொறுக்கியது. 12ஆவது நிமிடத்தில் கோலுக்கு மிக அருகில் நின்று முதல் கோலைத் தட்டியவர் ரைட் பேக் ஹக்கிமி. அவர் அங்கே நின்றபோது பின்னால் ஓட்டை இருந்ததா என்று யாரும் கேட்கவில்லை. விட்டின்யாவும் ஜோவாவ் நெவஸும் அந்தக் கேள்விக்கு இடம் வைக்கவில்லை.

ராபர்டோ கார்லோஸின் கடைசி ஆண்டுகளைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. துருக்கி, மீண்டும் பிரேசில், பிறகு ரஷ்யாவின் அன்ஜி. 2011 ஜூனில் சமாரா நகரில் பார்வையாளர் பகுதியிலிருந்து அவரை நோக்கி வாழைப்பழம் எறியப்பட்டது. அதை எடுத்து ஓரமாகப் போட்டுவிட்டு ஆட்டம் முடியும் முன்பே களத்தைவிட்டு வெளியேறினார். உலகக் கோப்பை வென்றவருக்கே இந்த நிலை என்றால் மற்ற கறுப்பின வீரர்கள் பட்டதைச் சொல்ல வேண்டியதில்லை. 2015ல் இந்தியாவுக்கு வந்து ஐஎஸ்எல் தொடரில் டெல்லி டைனமோஸ் அணியின் பயிற்சியாளராகவும் வீரராகவும் இருந்தார். அணி அரையிறுதியில் கோவாவிடம் வீழ்ந்தது. அந்தக் கோவாவை இறுதியில் வென்று கோப்பையைத் தூக்கியது நம்முடைய சென்னையின் எஃப்சி.

எல்லாக் காலத்துக்கும் சிறந்த பதினொருவர் அணி ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் விளையாட்டு ரசிகர்களுக்கு என்றும் சலிக்காது. அதில் இடது ஓரத்துக்கு ராபர்டோ கார்லோஸின் பெயரை எழுதுகிறவர்கள் வெட்கப்பட வேண்டியதில்லை. மால்டினியை எழுதுகிறவர்களோடு சரிக்குச் சரி வாதாடலாம். ஒரே ஒரு நிபந்தனைதான். ராபர்டோ கார்லோஸை எழுதிய கையோடு நடுக்களத்தில் மகெலெலே பெயரையும் எழுதிவிடுங்கள். அதற்காக ஒரு நட்சத்திரத்தை வெளியே உட்கார வைக்க வேண்டியிருந்தாலும் பரவாயில்லை.